நகர்த்தி வைத்த பாறை

துறைமுக அலுவலகத்தின் மூன்றாவது மாடியில், படியேறி இடப்பக்கம் திரும்பினால் வரும் நீளமான அறையில், ஊதா அக்கா முப்பத்து நான்கு வருஷமாகக் கடலுக்குத் திருத்தம் போட்டுக்கொண்டிருந்தாள். சிரிக்காதீர்கள். கடல் என்ன, போட்ட இடத்தில் கிடக்கிற கல்லா? ஆற்று முகத்தில் மணல் சேர்ந்துகொண்டே இருக்கும். போன வருஷம் எட்டு மீட்டர் ஆழம் இருந்த இடம் இந்த வருஷம் ஐந்தாகியிருக்கும். புயலில் மிதவை அறுத்துக்கொண்டு எங்கேயோ போய்விடும். பத்து வினாடிக்கு ஒரு தரம் மின்னிய கலங்கரை விளக்கைப் பதினைந்துக்கு ஒரு தரம் மின்ன வைப்பார்கள். இதெல்லாம் வாராவாரம் அறிவிப்பாக வந்து சேரும். அத்தனையையும் கப்பல்காரர்களின் வரைபடத்தில் கூரான நிப்புப் பேனாவால் ஏற்றுவதுதான் அவள் வேலை. அச்சடித்த கறுப்போடு கலந்துவிடக் கூடாது என்று திருத்தத்துக்கென்றே ஊதா மை. ஏற்றியதும் தாளின் இடது கீழ்மூலையில் அறிவிப்பு எண்ணையும் தன் கையெழுத்தின் முதல் எழுத்தையும் போட வேண்டும். அந்த மை அவள் ஆள்காட்டி விரலில் ஏறியது ஏறியதுதான். அலுவலகத்தில் அவள் சொந்தப் பெயர் சம்பளப் பட்டியலுக்கு மட்டும் பயன்பட்டது.

இப்போது கம்ப்யூட்டர் வந்துவிட்டதே என்பீர்கள். வந்தது, நன்றாகவே வேலை செய்கிறது. ஆனால் அதற்குள் இருக்கிற கடலும் இவளுடைய தாளைப் பார்த்து ஏற்றியதுதான். அவள் சரியாகப் போட்டிருந்தால் அதுவும் சரி, தப்பாகப் போட்டிருந்தால் அதுவும் தப்பு.

தப்பு என்ற பேச்சே அந்த அறையில் எழுந்ததில்லை. ஊதா அக்கா போட்ட புள்ளி என்றால் போட்டதுதான். அவளிடம் ஒரு பழக்கம் உண்டு, அதை வைத்து அலுவலகமே அவளைக் கிண்டல் செய்யும். எதையாவது அழிக்கச் சொல்லி உத்தரவு வந்தால் உடனே அழிக்க மாட்டாள். அந்தக் குறி முதன்முதலில் எந்தக் காகிதத்தைப் பார்த்து ஏறியதோ அந்தக் காகிதத்தைப் பழைய அலமாரியிலிருந்து தேடி எடுத்து, தூசி தட்டி, ஒரு தரம் படித்துவிட்டுத்தான் பேனாவைத் தொடுவாள்.

"போற மிதவைக்கு என்னக்கா ஜாதகம் பாக்குறீங்க?" என்று அடுத்த மேஜைக்காரர் கேட்பார்.

"வந்த வழி தெரியாம எதையும் அனுப்பக் கூடாது சார். நீங்க உங்க வேலையைப் பாருங்க" என்பாள்.

அந்தக் கடல் அவளுக்கு விரல்நுனியில். மூன்று பக்கம் நிலம், தெற்கே மட்டும் ஒரு குறுகிய வாய். வடகரை முழுக்கச் சேறு, நாலு ஆறு வந்து கொட்டுகிற இடம், ஒரு கிலோமீட்டர் நடந்து போனாலும் இடுப்பளவு தண்ணீர்தான். மேற்குக் கரையில்தான் அவர்கள் ஊர். அங்கே செங்குத்துப் பாறை, காலை வைத்தால் நாற்பது மீட்டர். நடுவே கடலுக்கடியில் ஒரு மலைத்தொடர் போகிறது. அதன் உச்சிகள் தண்ணீருக்கு மேலே தலை நீட்டுகிற இடமெல்லாம் தீவு. உப்பு எடுக்கும் தீவு, பறவைகள் மட்டும் குடியிருக்கும் தீவு, வடக்கே ஒன்றும் தெற்கே ஒன்றுமாக எதிரெதிரே நிற்கும் இரட்டைத் தீவு, அதற்கும் கிழக்கே தன்னந்தனியாகக் கடைசித் தீவு. மொத்தம் பதினொன்று. எந்தத் தீவின் எந்தக் கரையில் நங்கூரம் பிடிக்கும், எங்கே வழுக்கும் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவாள்.

இவ்வளவும் தெரிந்தவள் ஒரு நாள்கூடக் கடலில் போனதில்லை. அவளுக்குப் பஸ்ஸே ஆகாது. புருஷன் பஸ் கண்டக்டர்; கல்யாணமான புதிதில் அவர் வண்டியிலேயே ஏறி, அவர் முதுகிலேயே வாந்தி எடுத்தவள். துறைமுகத்தில் கட்டிப் போட்டிருக்கும் படகு ஆடுவதைப் பார்த்தாலே அவளுக்குக் குமட்டிக்கொண்டு வரும். முப்பத்து நான்கு வருஷமும் வீட்டிலிருந்து அலுவலகத்துக்கு நடைதான்.

இதில் அடிபட்டது அவள் தங்கை. பன்னிரண்டு வயது சின்னவள், அக்கா இடுப்பிலேயே வளர்ந்தவள். அவளைக் கொண்டுபோய்க் கடைசித் தீவில், ஐஸ் தொழிற்சாலை மெக்கானிக் ஒருவருக்குக் கட்டிக் கொடுத்தார்கள். கல்யாணம் தீவில். அக்கா போகவில்லை, போக முடியவில்லை. இருபத்திரண்டு வருஷமாகத் தங்கைக்கு அந்த ஆத்திரம் ஆறவில்லை.

"வாரத்துக்கு நாலு தடவை எங்க தீவைக் காகிதத்துல வரையுறே. ஒரு தடவை வந்து மிதிச்சிருக்கியா? வாந்தியாம் வாந்தி! மனசு இருந்தா வருவேக்கா" என்பாள் போனில்.

அக்கா போனைக் காது மாற்றிப் பிடித்துக்கொண்டு, அங்கே மழை உண்டா என்று கேட்பாள்.

கடைசித் தீவுக்குப் போகிற கப்பல் மூன்று மணி நேரம் எடுக்கும். நேர்வழியில் போனால் ஒன்றேகால் மணிதான். நேர்வழி இரட்டைத் தீவுக்கு நடுவே இருக்கும் கடல்வாய் வழியாகப் போகிறது. அந்த வாயில், வடக்குத் தீவின் காலடியில், வரைபடத்தில் ஒரு புள்ளி வட்டம் இருந்தது. உள்ளே இரண்டு மீட்டர் என்று ஆழம், பக்கத்தில் 'இடம் உறுதியில்லை' என்று சின்ன எழுத்து. எப்போதோ ஒரு சரக்குக் கப்பல் அங்கே அடி உரசியதாகத் தகவல் கொடுத்திருந்தது. இடம் உறுதியில்லாத பாறை இருக்கும் வாயில் பயணிகள் கப்பல் நுழையக் கூடாது என்பது விதி. அதனால் எல்லாக் கப்பலும் தெற்குத் தீவைச் சுற்றிக்கொண்டு போயின. மீன்பிடிப் படகுகள் அந்த வாயில் போகும்தான். ஆனால் நடுவில் நீரோட்டம் பிய்த்துக்கொண்டு ஓடும் என்பதால் கரையை ஒட்டியே போய்விடும், அவற்றுக்கு அரை மீட்டர் தண்ணீர் போதும்.

ஒன்பது வருஷத்துக்கு முன் அப்பா இறந்தபோது, தகவல் கிடைத்த உடனே தங்கை கப்பலேறினாள். அந்த மூன்று மணி நேரத்தில் எல்லாம் முடிந்துவிட்டது. முகத்தைப் பார்க்க அவளுக்குக் கிடைக்கவில்லை, அரை மணி நேரம் பிந்திப் போயிற்று. அன்றைக்கு வாசலில் உட்கார்ந்து அவள் அழுத அழுகை அக்காவுக்கு இன்னும் காதில் இருக்கிறது.

அதற்கப்புறம்தான் தங்கை வரிந்து கட்டிக்கொண்டு இறங்கினாள். தீவு ஜனங்களிடம் கையெழுத்து வாங்கி, அந்தப் பாறை இருக்கிறதா இல்லையா என்று பார்த்துச் சொல்லுங்கள் என்று வருஷா வருஷம் மனு அனுப்பினாள். எட்டாவது மனுவுக்குப் பலன் கிடைத்தது. அளவைக் கப்பல் வந்தது. குறி போட்ட இடத்தைச் சுற்றி இருநூறு மீட்டருக்குக் கருவி வைத்துச் சல்லடை போட்டது. பாறை இல்லை. தீவே கொண்டாடியது. திங்கட்கிழமை காலை கடைசித் தீவிலிருந்து முதல் கப்பல் நேர்வழியில் புறப்படும், வாயின் நட்டநடுவே போகும், மனுக்காரி என்ற மரியாதையில் தங்கைக்கு முன்வரிசையில் இடம். அளவைக் கப்பலும் வேலை முடிந்தது என்று வேறு துறைமுகத்துக்குப் போய்விட்டது.

வெள்ளிக்கிழமை பதினொரு மணிக்கு உத்தரவு அக்காவின் மேஜைக்கு வந்தது. 'பாறை இல்லை. குறியை நீக்கவும்.'

அவளுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. இந்த ஒன்றை மட்டுமாவது அப்படியே அழித்துவிடலாமே என்று கை துறுதுறுத்தது. ஆனால் பழக்கம் விடவில்லை. எழுந்து போய் அலமாரியைத் திறந்தாள்.

காகிதம் கிடைத்தது. இருபத்திரண்டு வருஷத்துக்கு முன்னால், புது வரைபடம் அச்சாகி வந்த வாரம். சரக்குக் கப்பலின் தகவல் பழைய வரைபடத்தின்படி எழுதப்பட்டது. பழைய தாளின் கட்டமும் புதுத் தாளின் கட்டமும் ஒன்றுக்கொன்று கொஞ்சம் விலகியிருக்கும். பழையதிலிருக்கும் புள்ளியைப் புதியதில் போடும்போது நூற்றெண்பது மீட்டர் தெற்கே தள்ளிப் போட வேண்டும். இது அந்த அறையில் சுவருக்கும் தெரியும். அக்கா கவராயத்தை எடுத்து அளந்தாள். அளந்துவிட்டுக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மறுபடி அளந்தாள். மூன்றாம் முறையும் அளந்தாள்.

புள்ளி நூற்றெண்பது மீட்டர் வடக்கே தள்ளிப் போடப்பட்டிருந்தது. கீழ்மூலையில் ஊதா மையில் அவளுடைய எழுத்து. தேதியைப் பார்த்தாள். தங்கையைக் கப்பலேற்றி அனுப்பிவிட்டு, வீங்கிய கண்ணோடு வேலைக்கு வந்த நாள் அது.

அப்படியானால் பாறை இருப்பது குறியிலிருந்து முந்நூற்று அறுபது மீட்டர் தெற்கே. வாயின் நட்டநடுவில். புதுக் கப்பலுக்குக் கோடு போட்டிருக்கிற அதே இடம். அந்தக் கப்பலின் அடிப்பாகம் தண்ணீருக்குள் மூன்றரை மீட்டர் இறங்கும்.

அவளுக்கு நாலு மாதத்தில் ஓய்வு. ஒரு கோடு கிழித்துக் குறியை அழித்தால் உத்தரவுப்படி செய்தாள் என்று ஆகிவிடும், கேள்வி கேட்க ஒரு ஆள் கிடையாது. இப்படி ஒரு எண்ணம் வந்ததா என்று பிற்பாடு புருஷன் கேட்டார். "வந்துச்சு. பொய் சொல்ல மாட்டேன், ஒரு நிமிஷம் வந்துச்சு" என்றாள். அந்த ஒரு நிமிஷம் கழிந்ததும் காகிதத்தையும் வரைபடத்தையும் சுருட்டிக்கொண்டு அதிகாரியின் அறைக்குப் போனாள்.

அதிகாரி நல்ல மனுஷன், அவளைவிட இருபது வயது சின்னவர். பார்த்துவிட்டுத் தலையில் கை வைத்தார்.

"என்னக்கா, குண்டைத் தூக்கிப் போடுறீங்க! அறிவிப்பு அச்சுக்குப் போயாச்சு. அளவைக் கப்பலே பாத்துட்டுப் பாறை இல்லைன்னு சொல்லியிருக்கு."

"அவங்க சரியாத்தான் பாத்தாங்க சார். நான் காட்டின இடம் தப்பு."

"நீங்களா? தப்பா?"

"நான்தான். இதோ என் எழுத்து."

அவர் காகிதத்தையும் வரைபடத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். "சரி. ஆனா ஒரு பழைய காகிதத்தைக் காட்டிக் கப்பலை நிறுத்தினா மேலிடத்துல என்னைத்தான் கேப்பாங்க. பாறை இருக்குன்னு காட்டணும்க்கா. நாளைக்கு மிதவை கட்டுற படகை அனுப்பறேன், அதை ஓட்டுற சாரங்கு போய்ப் பாத்துட்டு வரட்டும்."

"நானும் போறேன் சார்."

"நீங்க? கடல்லயா?"

"என் தப்பைத் தேட இன்னொருத்தரை மட்டும் அனுப்ப முடியாது."

அதிகாரி சிரிக்கலாமா வேண்டாமா என்று தெரியாமல் தலையாட்டினார்.

வீட்டில் புருஷன் விஷயத்தை முழுக்கக் கேட்டார். பிறகு எழுந்து போய் ஒரு கட்டு பிளாஸ்டிக் பையைக் கொண்டுவந்து அவள் கைப்பைக்குள் திணித்தார்.

"எத்தனைங்க?"

"இருபது."

"அவ்வளவு எதுக்கு?"

"உன்னை எனக்குத் தெரியாதா? என் யூனிபார்ம் சாட்சி" என்றார். அப்புறம் குரல் மாறி, "போயிட்டு வாம்மா. நீ தேடினா கெடைக்கும்" என்றார்.

துறைமுகச் சுவரைத் தாண்டுவதற்குள் முதல் பை தீர்ந்தது. மிதவைப் படகின் சாரங்கு ஒரு தாட்டியான ஆள், படகோட்டியே தலை நரைத்தவர். அவருக்கு முதலில் இது வேடிக்கையாகத்தான் இருந்தது. கால் மணிக்கொரு தரம் திரும்பிப் பார்த்து, "திரும்பிடலாமாம்மா?" என்பார். அவள் பையிலிருந்து முகத்தை எடுக்காமலே கையை முன்னால் காட்டுவாள். ஐந்தாவது தடவைக்குப் பிறகு அவர் கேட்பதை நிறுத்திவிட்டார், சிரிப்பதையும் நிறுத்திவிட்டார்.

ஒரு விஷயம் அவளைத் தூக்கிவாரிப் போட்டது. தலையை நிமிர்த்திய ஒவ்வொரு தரமும் எல்லாம் அவள் போட்ட இடத்திலேயே இருந்தது. அவள் எழுதிய சிவப்பு மிதவை சிவப்பாக நின்றது. அவள் நிறம் மாற்றிய விளக்குத் தூண் அந்த நிறத்தில் நின்றது. உப்புத் தீவின் முனையில் அவள் இரண்டு வருஷத்துக்கு முன் வரைந்த மணல்திட்டில் நிஜமான பறவைகள் உட்கார்ந்திருந்தன. அட, இருக்குதே எல்லாம் என்று அந்த நிலைமையிலும் அவளுக்குச் சிரிப்பு வந்தது, உடனே அடுத்த பையும் வேண்டியிருந்தது.

இரட்டைத் தீவின் வாயில் நீரோட்டம் படகைப் பக்கவாட்டில் இழுத்தது. ஆழம் காட்டும் திரையில் இருபத்தாறு, இருபத்தைந்து, இருபத்தாறு. அவள் சொன்ன இடத்தைக் குறுக்கும் நெடுக்கும் நாலு தடவை தாண்டினார்கள். இருபத்தாறு.

"இல்லையேம்மா" என்றார் சாரங்கு மெதுவாக.

அவள் வரைபடத்தை மடியில் விரித்தாள். ஒரு கையில் பை, ஒரு கையில் கவராயம். "உரசின கப்பல் நீரோட்டத்துல போயிட்டேதான் இடத்தை எழுதியிருக்கும். எழுதுறதுக்குள்ள கொஞ்சம் நகர்ந்திருக்கும் இல்லையா? நீரோட்டம் கெழக்கால போகுது. அப்ப நாம மேற்கால பாக்கணும். அறுபது எழுபது மீட்டர் போதும், மெதுவா விடுங்க."

சாரங்கு அவளை ஒரு மாதிரி பார்த்துவிட்டு என்ஜினைத் தணித்தார். இருபத்தைந்து. இருபத்துநாலு. பத்தொன்பது. அப்புறம் திரையில் கோடு சுவர் மாதிரி மேலே ஏறியது. ஒன்பது. நாலு. இரண்டு.

"அடேயப்பா!" என்று கத்தினார் சாரங்கு. "ஏம்மா, கம்பம் மாதிரி நிக்குது!"

"திரையை மட்டும் நம்ப வேணாம். குண்டைப் போடுங்க."

கயிற்றில் கட்டிய ஈயக்குண்டின் அடியில் ஒரு குழி இருக்கும்; அதில் சோப்பை அப்பி இறக்கினால் அடியில் என்ன இருக்கிறதோ அது ஒட்டிக்கொண்டு வரும். சேறென்றால் சேறு, மணலென்றால் மணல். குண்டு போன வேகத்தில் 'டக்' என்று நின்றது, கயிறு வழியாகக் கைக்குத் தெரிந்தது. இழுத்துப் பார்த்தார்கள். சேறும் இல்லை மணலும் இல்லை. சோப்பில் ஒரு ஆழமான கீறலும், வெள்ளைச் சிப்பித் தூளும். அக்கா அந்தக் கீறலைத் தன் ஊதா விரலால் தொட்டாள். தொட்டதும் அழுதுவிட்டாள். இருநூறு பேர் உட்கார்ந்திருக்கும் கப்பல் ஒன்று அவள் கண் முன்னால் வந்து போயிற்று. முன்வரிசையில் தங்கை.

அங்கேயே படகிலிருந்த மிதவை ஒன்றைக் கட்டி இறக்கினார்கள். சாரங்கு வயர்லெஸ்ஸில் அலுவலகத்துக்கு இடத்தைச் சொன்னார். பிறகு அவளிடம் வந்து, மரியாதையாகக் குனிந்து கேட்டார்: "அம்மா, திரும்பிப் போனா ரெண்டு மணி நேரம். கடைசித் தீவு அரை மணிதான். உங்க உடம்புக்கு எது தோது?"

அவள் கிழக்கே பார்த்தாள். "அரை மணி" என்றாள்.

தங்கைக்கு யாரோ ஓடிப்போய்ச் சொல்லியிருக்க வேண்டும். படகு அணையும்போது அவள் துறையில் நின்றுகொண்டிருந்தாள். அக்கா கரை ஏறிய கோலம் சொல்லும்படியாக இல்லை. புடவை நனைந்து, முடி கலைந்து, முகம் வெளுத்து, கையில் மிச்சமிருந்த மூன்று பை. தங்கை வாயடைத்து நின்றாள். அவள் வாயடைத்து நின்றதை அந்தத் தீவில் ஒருவரும் பார்த்ததில்லை.

"அக்கா... பாறையை அழிச்சிட்டியா?"

"இல்லடி. நகர்த்தி வச்சிருக்கேன்."

துறையின் சிமெண்ட் திண்டில் உட்கார்ந்துகொண்டு எல்லாவற்றையும் சொன்னாள். ஒளிக்கவில்லை. "நான் மட்டும் அன்னைக்குச் சரியாப் போட்டிருந்தா, எப்பவோ வந்த ஏதோ ஒரு படகு அதைக் கண்டுபிடிச்சிருக்கும். ஒரு மிதவை கட்டிட்டு, பக்கத்துல வழி விட்டிருப்பாங்க. அப்பா போன அன்னைக்கு நீ ஒன்னேகால் மணி நேரத்துல வந்திருப்பே. முகத்தைப் பாத்திருப்பே. அது இந்தக் கையால கெட்டுச்சு. நீ என்ன திட்டணுமோ திட்டு."

தங்கையின் கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்தது, அதைத் துடைக்கவும் இல்லை. கடைசியில் அக்காவின் விரலைப் பிடித்தாள்.

"இதைச் சொல்லவா இத்தனை வாந்தி எடுத்துக்கிட்டு வந்தே? போன்ல சொன்னா ஆகாதா?"

"போன்ல சொல்ற விஷயமாடி இது?"

"எந்திரி. வந்து முகத்தைக் கழுவு. என் வீட்டுக்கு வழியாவது தெரியுமா உனக்கு?"

"தெரியும். துறையிலிருந்து வடக்கே நூத்தம்பது மீட்டர், தண்ணித் தொட்டிக்குப் பக்கத்துல. தொட்டி வரைபடத்துல இருக்கு" என்றாள் அக்கா. தங்கை அழுதுகொண்டே சிரித்துவிட்டாள்.

அன்று சாயங்காலம் அதிகாரி போனில் அழைத்தார். அவளுடைய பேனாவாலேயே, வேறு யாரும் தொடக் கூடாத அந்தப் பேனாவாலேயே, தானே திருத்தம் போட்டுவிட்டதாகச் சொன்னார். கப்பலின் பாதையை வடக்கே வளைத்தாயிற்று, எட்டு நிமிஷம் கூடுதல், அவ்வளவுதான். "அறிவிப்புல காரணம்னு ஒரு இடம் இருக்குக்கா. 'மறு அளவையில் இடம் மாறியது'ன்னு எழுதிடறேன். யாருக்கும் ஒண்ணும் தெரியாது."

"வேணாம் சார். இடம் மாறல. பாறை அங்கேயேதான் இருந்துச்சு. 'திருத்துநரின் பிழை'ன்னு எழுதுங்க. எழுதி, பக்கத்துல என் எழுத்தைப் போடுங்க."

"அக்கா, நாலு மாசம்தான் இருக்கு உங்களுக்கு..."

"அதனாலதான் சார் சொல்றேன். எனக்கப்புறம் அந்த நாற்காலியில உக்காறவங்க, ஊதா அக்கா போட்டதுன்னு கண்ணை மூடிட்டு நம்பிடக் கூடாது. அளந்து பாக்கணும்."

அப்படியே எழுதினார். அந்த வார அறிவிப்பு அந்தக் கடலிலிருக்கும் ஒவ்வொரு கப்பலுக்கும் போயிற்று. முப்பத்து நான்கு வருஷத்துப் பெயர் ஒரே வரியில் போயிற்றே என்று அடுத்த மேஜைக்காரர் அங்கலாய்த்தார். அந்த வரிக்குப் பிறகுதான் அந்த அறையில் எல்லோரும் எழுந்து நின்று அவளிடம் பேச ஆரம்பித்தார்கள் என்பதை அவர் சொல்லவில்லை.

திங்கட்கிழமை காலை முதல் கப்பல் புறப்பட்டது. முன்வரிசையில் தங்கை, அவள் மடியில் தலையைச் சாய்த்துக்கொண்டு அக்கா, கையில் கடைசிப் பை. வீட்டுக்குப் போக வேறு வழி ஏது? இரட்டைத் தீவை நெருங்கியதும் கப்பல் மெதுவாக வடக்கே வளைந்தது. ஜனங்கள் எல்லாம் ஒரு பக்கமாக எழுந்து நின்று பார்த்தார்கள்.

"அக்கா, உன் பாறை வருது. எந்திரிச்சுப் பாரு."

அக்கா தலையைத் தூக்கினாள். மிதவை நீரோட்டத்தில் சாய்ந்து நின்றது. கப்பல் அதைத் தொடாமல், நிதானமாக, பக்கத்தில் கடந்துகொண்டிருந்தது. தங்கை கைக்கடிகாரத்தைப் பார்த்தாள், பிறகு அக்காவின் நெற்றியைப் பிடித்துக்கொண்டாள்.

"கால் மணி நேரம்தான் ஆச்சுக்கா, இன்னும் ஒரு மணியில வீடு" என்றாள். "இனிமே யார் போனாலும் முகத்தைப் பாத்துடலாம்."